புது வாணலியில் பொரித்த உருளைக்கிழங்கு

எங்கள் பாபநாசம் வீட்டில் திவசத்தன்று உருளைக்கிழங்குக்கு இடமில்லை. சீமைக் காய் என்று மாமியார் தள்ளிவிடுவார். வாழைக்காய், சேனை, பாகல், புடலைதான். வடக்கே பாருங்கள், ஏகாதசிப் பலகாரமே உருளைக்கிழங்கு!

யூதர்களிடமும் இந்தக் கதைதான். பெசாஹ் பண்டிகையில் புளித்த கோதுமைப் பண்டம் யாருக்கும் ஆகாது. ஐரோப்பிய யூதர்களில் பலர் அரிசியையும் விலக்குவார்கள். பாக்தாத்காரர்கள் அரிசியை நன்றாகப் பொறுக்கி ஆய்ந்து சமைப்பார்கள். இதெல்லாம் எனக்குத் தெரியவந்தது கல்கத்தாவில்.

2006-ல் என்னவருக்கு அங்கே மாற்றல். மேல் மாடியில் ஒரு யூதப் பாட்டி, தனியாக. பாக்தாத் வழி வந்த குடும்பம். ஒரு காலத்தில் அங்கே அவர்கள் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். 1884-ல் கட்டிய மாகென் டேவிட் ஆலயமும், 1902-ல் தொடங்கிய நாஹூம் கேக் கடையும் இன்றும் இருக்கின்றன. ஜனங்கள்தான் இஸ்ரேல், லண்டன் என்று போய்விட்டார்கள்.

டிசம்பரில் அவர்களுக்கு ஹனுக்கா. நம் கார்த்திகை மாதிரி விளக்குப் பண்டிகை. முதல் நாள் ஒன்று, எட்டாம் நாள் எட்டு. ஒரு நாளுக்கான எண்ணெய் எட்டு நாள் எரிந்ததாம், அதனால் எண்ணெய்ப் பண்டம் விசேஷம். ஐரோப்பாவில் உருளைக்கிழங்கைத் துருவி அடை போலத் தட்டுவார்கள். கல்கத்தாவில் முழுசாகப் பொரிப்பார்கள், ஆலு மக்கல்லா என்று பெயர்.

பாட்டி எங்களைக் கூப்பிட்டார். அப்போது மாமியார் வந்திருந்தார். வெளியில் தண்ணீர்கூடக் குடிக்காதவர்! பாட்டி வீட்டிலோ இறைச்சிக்கு ஒரு பாத்திரம், பாலுக்கு ஒரு பாத்திரம். எங்கள் பாத்திரமும் அவருக்கு ஆகாது. யார் யார் வீட்டில் சாப்பிடுவது? பண்டிகை நாளில் அந்த அம்மாள் தனியாக உட்கார்ந்திருப்பாரே என்று எனக்குத் தவிப்பு.

மாமியார்தான் சொன்னார்: "புதுசா ஒரு வாணலி வாங்கிண்டு வா. அவாளுக்கும் தோஷமில்லே, நமக்கும் தோஷமில்லே."

பாட்டியே எங்கள் அடுப்படியில் நின்று செய்தார். தோல் சீவிய முழுக் கிழங்கை உப்பு, மஞ்சள் போட்டு அரை வேக்காடாக எடுத்து, ஈரம் போகத் துடைத்து, மூழ்க எண்ணெய் விட்டுச் சிறு தீயில் முக்கால் மணிக்கு மேல் விட்டார். கடைசியில் தீயைக் கூட்டினார். மேலே ஓடு மாதிரி மொறுமொறு, உள்ளே வெண்ணெய்! முள்கரண்டி பட்டால் தட்டைவிட்டுத் துள்ளும். மாமியார் இரண்டு சாப்பிட்டார்.

குளிர்பெட்டியில் வைத்த கிழங்கு வேண்டாம், சீக்கிரம் கருத்துவிடும். சர்க்கரை வியாதிக்காரர்களுக்கு ஒன்று போதும்.

பாட்டி பிறகு மகளிடம் லண்டன் போய்விட்டார். வாணலி பாபநாசத்தில் இருக்கிறது. மாமியார் இருந்தவரை அதில் வடைகூடத் தட்ட விடவில்லை.