முப்பது நாள் கணக்கு

கடிகாரத்தைப் பழுது பார்ப்பது ஒரு நாள் வேலை. பெண்டுலம் ஆடத் தொடங்கியதும் வீட்டுக்காரர் முகம் மலர்ந்துவிடும். எனக்கோ அப்போதுதான் வேலை ஆரம்பம். ஓடுகிற கடிகாரம் வேறு, நேரத்தை விடாமல் பிடித்திருக்கிற கடிகாரம் வேறு. முதலாவதை இரண்டாவதாக மாற்ற எனக்கு ஒரு மாதம் வேண்டும். அந்த ஒரு மாதத்தின் மேல் உள்ள பிரியத்தால்தான் இன்னமும் இந்தத் தொழிலில் இருக்கிறேன்.

காரைக்குடியைச் சுற்றியுள்ள பழைய வீடுகளில் ஜெர்மனியின் யுங்ஹான்ஸ், ஜப்பானின் செய்கோஷா, அமெரிக்காவின் அன்சோனியா எல்லாம் இன்றும் சுவரில் தொங்குகின்றன. பிரித்துப் பார்த்தால் பெரும்பாலும் ஒரே நோய்தான். எண்ணெயும் தூசியும் கலந்து உப்புத்தாள் போலாகி, பித்தளைத் தகட்டில் அச்சு சுழலும் துளைகளை அறுத்திருக்கும். வட்டமாக இருக்க வேண்டிய துளை முட்டை வடிவமாகியிருக்கும். துளையைச் சுற்றி உளியால் நாலு குத்து குத்தி இறுக்கிவிடுவது குறுக்குவழி. அப்படிக் குத்தப்பட்ட தகடுகளைப் பார்க்கும்போதெல்லாம் மனம் வலிக்கும். துளையை அகலப்படுத்தி, புதிய பித்தளை புஷ் அடித்து, அச்சு முனையைக் கண்ணாடி போல் மெருகேற்றுவதுதான் முறை. அரை நாள் கூடுதலாகும், ஆகட்டும்.

பிரிப்பதற்கு முன் ஸ்பிரிங்கின் முறுக்கை இறக்க வேண்டும். சாவியைக் கையில் இறுகப் பிடித்து, கொக்கியைத் தூக்கி, கொஞ்சம் கொஞ்சமாக விட வேண்டும். வேலை பழகிய இரண்டாம் வருடம் அவசரத்தில் இதைத் தவறவிட்டேன். ஸ்பிரிங் ஒரே வீச்சில் விரிந்து, பெரிய சக்கரத்தில் மூன்று பற்களை முறித்து, கட்டைவிரலையும் கிழித்தது. விரலில் தழும்பு இருக்கிறது. அந்தச் சக்கரத்தையும் வைத்திருக்கிறேன்.

இனி அந்த முப்பது நாள். பெண்டுலத்தின் அடியில் ஒரு சிறிய நட்டு இருக்கிறது. மேலே ஏற்றினால் பெண்டுலம் குட்டையாகி வேகம் கூடும், இறக்கினால் குறையும். 25 சென்டிமீட்டர் பெண்டுலத்தில் ஒரு மில்லிமீட்டர் மாறினாலே நாளொன்றுக்குக் கிட்டத்தட்ட மூன்று நிமிடம் வித்தியாசம் வந்துவிடும். அதனால் முதல் வாரம் அரைத் திருகு, அடுத்த வாரம் கால் திருகு, அதன் பிறகு மயிரிழைதான். ஒவ்வொரு நாளும் ஒரே மணிக்குப் பார்த்து, எத்தனை விநாடி முந்தியது, எத்தனை விநாடி பிந்தியது என்று நோட்டில் எழுதுவேன். ஒரு நாள் கணக்கை நம்பி நட்டைத் தொடமாட்டேன். மூன்று நாள் ஒரே பக்கமாகச் சாய்ந்தால்தான் கை வைப்பேன்.

இந்த நட்டுக்குள் பூமியின் வடிவமே இருக்கிறது. 1672-ல் ழான் ரிஷே என்ற பிரெஞ்சு வானியலாளர் பாரிஸில் சரியாக ஓடிய பெண்டுலக் கடிகாரத்தைத் தென் அமெரிக்காவின் கயேனுக்குக் கொண்டுபோனார். அங்கே அது நாளுக்கு இரண்டரை நிமிடம் பின்தங்கியது. பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் புவியீர்ப்பு சற்றுக் குறைவு என்பது அப்படித்தான் கையில் சிக்கியது. ஜெர்மனியில் சரிபார்த்து அனுப்பிய கடிகாரம் காரைக்குடிக்கு வந்தால், இதே காரணத்தால் நாளுக்கு ஏறக்குறைய இரண்டு நிமிடம் பிந்தும். கப்பலில் வந்த ஒவ்வொரு கடிகாரத்துக்கும் இந்த ஊரில் யாரோ ஒருவர் அந்த நட்டை மேலே ஏற்றியிருப்பார். அந்தக் கைகளை நினைத்துக்கொண்டுதான் என் கையையும் வைக்கிறேன்.

வெயிலையும் கணக்கில் எடுக்க வேண்டும். எஃகுத் தண்டு பத்து டிகிரி சூடேறினால் நீண்டு, நாளுக்கு ஐந்து விநாடி பிந்தும். பித்தளை என்றால் எட்டு. மரத்தண்டு இதில் பாதிகூட நீளாது, ஆனால் வார்னிஷ் போயிருந்தால் ஈரம் குடிக்கும். சூட்டில் அநேகமாக நீளாத இன்வார் என்ற உலோகக் கலவையைக் கண்டுபிடித்த ஷார்ல் கியோமுக்கு 1920-ல் இயற்பியல் நோபல் பரிசே கொடுத்தார்கள். இங்கே வருகிற கடிகாரங்களில் இன்வார் கிடையாது. அதனால் கத்திரி வெயிலில் சரிசெய்ததை ஐப்பசியில் போய் மறுபடி பார்த்துவிட்டு வருவேன்.

ஒரு வீட்டு யுங்ஹான்ஸ் என்னை இரண்டு வருடம் அலைய வைத்தது. கடையில் மாதக்கணக்காக ஓடும், வீட்டுக்குப் போனால் தை பிறந்ததும் நின்றுவிடும். மூன்றாம் தடவை போனபோது அந்த வீட்டு ஆச்சி, "தம்பி, இது உங்களுக்கு மட்டும் பயப்படுதோ என்னமோ, நீங்க வந்தா ஓடுது, போன பிறகு நின்னுருது" என்றார். அன்று வேலையை விட்டுவிட்டுக் கண்ணை மூடிக் கேட்டேன். டிக்... டக்-டிக்... டக் என்று நொண்டியது. இடது ஆட்டமும் வலது ஆட்டமும் சமமாக விழாத கடிகாரம் கொஞ்ச நாளில் மூச்சிழந்து நிற்கும்.

"ஆச்சி, இதை யாராவது நேராக்குனாங்களா?"

"போகிக்கு ஒட்டடை அடிக்கும்போது கோணலா இருக்குன்னு நான்தான் நிமித்தி வைப்பேன்."

பெட்டி கண்ணுக்குக் கோணலாக இருந்தபோதுதான் அதன் உள்நடை சமமாக இருந்திருக்கிறது. பழைய கோணத்துக்கே அதைத் திருப்பினேன், இரண்டு ஒலிகளும் ஒரே இடைவெளியில் விழும்வரை காதை வைத்துக்கொண்டு. பிறகு பெட்டியின் அடி விளிம்பையொட்டிச் சுவரில் பென்சிலால் ஒரு கோடு போட்டேன்.

இப்போது போகி அன்று ஆச்சியே அந்தக் கோட்டைப் பார்த்து மாட்டுகிறார். ஞாயிறு காலை சாவி கொடுத்துவிட்டு, வானொலிச் செய்தியோடு ஒப்பிட்டு எனக்குப் போன் செய்வார். போன வாரம் பதினோரு விநாடி பிந்தியது என்றார். நோட்டில் எழுதிக்கொண்டேன். நட்டைத் தொட வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன்.