தட்டு கேட்கிறது, மெட்டு கேட்கவில்லை

சினிமாப் பாட்டுக்கெல்லாம் ஆடச் சொல்லிக்கொடுப்பதா என்று சீண்டுகிறவர்களுக்கு நான் பரதநாட்டிய நட்டுவனார் வழுவூர் ராமையா பிள்ளையைக் காட்டுவேன். 1947-இல் வந்த ‘நாம் இருவர்’ படத்தில் குமாரி கமலாவின் ஆட்டத்தை அமைத்தவர் அவர். வழுவூர் பாணி அதனால் தேய்ந்துவிடவில்லை. நவி மும்பையின் கோபர்கைரனேயில் ஆண்டுவிழாக் காலம் வந்தால் நானும் பள்ளிகளுக்குப் போகிறேன். பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி, ஸ்பீக்கரில் போடும் பாட்டுக்கு ஆடவைத்துக் காசு வாங்கிக்கொண்டு வருகிறேன். இதில் எனக்குக் கூச்சமில்லை.

மாதுங்காவில் ஸ்ரீ ராஜராஜேஸ்வரி பரத நாட்டிய கலா மந்திர் 1945-இல் தொடங்கியது. திருவிடைமருதூர் குப்பையா பிள்ளை குடும்பத்தார் அங்கே பம்பாய்ப் பிள்ளைகளுக்கு ஆட்டம் சொல்லிக்கொடுத்துத்தான் பிழைத்தார்கள். கலையைக் காசாக்காதே என்று உபதேசிப்பவர்கள் பரம்பரை நட்டுவனார்கள் எதைச் சாப்பிட்டார்கள் என்று நினைத்துப் பார்ப்பதில்லை.

எனக்குக் கூச்சம் அரங்கேற்றத்தில்தான். மாதச் சம்பளத்தில் ஹால் வாடகை போக மிஞ்சுவது சொற்பம். கை நிறையக் காசு வருவது அரங்கேற்றத்தன்றுதான். பிள்ளை தேறிவிட்டாள் என்று சொல்ல வேண்டியவளும் நான், சொன்னால் தட்சிணை வாங்குகிறவளும் நான். பாஸ் போட்டால்தான் கூலி என்றால் வாத்தியார் தாளை எப்படித் திருத்துவார்? போதாக்குறைக்கு, பத்தாம் வகுப்புக்குள் முடித்துவிட வேண்டும் என்று பெற்றோர் செம்பூரில் ஹால்கூடப் பார்த்துவிட்டு வருகிறார்கள்.

பிள்ளை தேறிவிட்டாளா என்று அறிய நான் பார்ப்பது, மூன்று வேகங்களில் ஆடும் வர்ணத்தின் திரிகால ஜதியை. முதல் காலத்தில் எல்லாப் பிள்ளையும் அழகு. இரண்டாம் காலத்தில் முழங்கால் மடக்கி நிற்கும் அரைமண்டி மெல்ல எழும்பும். மூன்றாம் காலத்தில் கை முழுசாக நீளாது, முழங்கை தொங்கும். சலங்கையும் மிருதங்கமும் பாதி ஓட்டையை மூடிவிடுவதால் சபையில் இருக்கும் சித்தப்பா பெரியப்பாவுக்குத் தெரியாது. சலங்கையைக் கழற்றச் சொல்லி, தாளம் போடும் தட்டுகழியை மட்டும் தட்டித் தட்டிமெட்டு அடவை ஆடவிட்டால் குட்டு வெளிப்படும். பாதம் விழுகிற தட்டு கேட்கும்; குதிகால் இறங்குகிற மெட்டு கேட்காது. வேகம் கூடும்போது குதிகால்தான் முதலில் ஏமாற்றும். அதைச் சரிசெய்ய மாதக்கணக்கில் முதல் காலத்துக்கே திரும்ப வேண்டும், குறுக்குவழி கிடையாது. இதைச் சொன்னால் அம்மாக்கள் பதறுவார்கள்.

“அடுத்த வருஷம் கோச்சிங் ஆரம்பிச்சிடும், டீச்சர்.”

“வாரத்துல ஒரு நாள் வரட்டும்மா. மெட்டு விழட்டும், அப்புறம் நாள் பார்ப்போம்.”

இப்படிச் சொல்ல எனக்குத் தெம்பு கொடுப்பது ஆண்டுவிழாக் காசுதான். அது இல்லையென்றால் பல முழங்கைகளை நான் கண்டுகொள்ளாமல் விட்டிருப்பேன். சிலர் வேறு டீச்சரிடம் போய் அந்த வருஷமே அரங்கேறிவிடுகிறார்கள். அழைப்பிதழ் எனக்கும் வரும். போகிறேன், கைதட்டுகிறேன், சாப்பிட்டுவிட்டும் வருகிறேன்.