பூச்சி என்று யார் சொன்னது?

என் தலைமுறையில் காஃப்காவைப் படித்த பலரும் ஆங்கிலத்தில்தான் படித்தோம். உணர்ச்சி காட்டாத, அலுவலகக் கடிதம் போன்ற அந்த நடையைக் காஃப்காவின் நடை என்றே வியந்து பேசினோம். உண்மையில் அது ஸ்காட்லாந்தைச் சேர்ந்த எட்வின் ம்யூர், வில்லா ம்யூர் தம்பதியரின் நடையும்கூட. 'தி காஸில்' 1930இலும் 'தி ட்ரயல்' 1937இலும் அவர்கள் கைவழியாகவே ஆங்கிலத்துக்கு வந்தன. மூலநூலை இரண்டாகக் கிழித்து ஆளுக்கொரு பாதியை எடுத்துக்கொண்டு, பிறகு ஒருவர் எழுதியதை மற்றவர் திருத்துவது அவர்கள் வழக்கமாம். கவிஞர் என்பதால் புகழ் எட்வினுக்கே போயிற்று. மொழிபெயர்ப்பில் பெரும்பகுதியை, குறிப்பாகக் காஃப்காவை, செய்தது தானே என்று 1953இல் வில்லா தன் நாட்குறிப்பில் கசப்போடு எழுதிவைத்தார். அந்தக் கசப்பில் நியாயம் இருப்பதாகவே எனக்குப் படுகிறது.

சில ஆண்டுகளாக அகராதியின் துணையோடு ஜெர்மன் மூலத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசித்து வருகிறேன். மூலம் திறந்து வைத்திருக்கும் இடங்களில் ஆங்கிலம் ஏதாவது ஒன்றைத் தீர்மானித்தே ஆகவேண்டியிருக்கிறது என்பது அப்போதுதான் உறைத்தது. 'உருமாற்றம்' கதையின் முதல் வாக்கியத்தையே எடுத்துக்கொள்வோம். கிரிகோர் சாம்சா என்னவாக மாறினான்? காஃப்கா எழுதிய சொல் 'உங்கெட்சீஃபர்'. அது எந்த ஒரு பிராணியின் பெயரும் அல்ல. எலி, பேன், மூட்டைப்பூச்சி என்று வீட்டில் இருக்கக்கூடாதவை அனைத்துக்குமான பொதுச்சொல். பலியிடத் தகாத அசுத்தமான விலங்கு என்பது அதன் பழைய பொருள் என்கிறார்கள். அதற்கு முன்னால் வரும் 'உங்கெஹாயர்' என்ற அடைமொழியும் அதைப் போலவே எதிர்மறை முன்னொட்டோடு தொடங்குகிறது. ஆக, இது இன்னது அல்ல என்று மட்டுமே இரண்டு முறை சொல்லப்படுகிறது.

ம்யூர் தம்பதியர் அதை ராட்சதப் பூச்சி ஆக்கினார்கள். 1972இல் ஸ்டான்லி கோர்ன்கோல்ட் 'வெர்மின்' என்ற சொல்லைக் கொண்டு மூலத்தை நெருங்க முயன்றார். 2007இல் மைக்கேல் ஹாஃப்மன் துணிந்து கரப்பான் என்றே எழுதிவிட்டார். ஹாஃப்மன் நான் மதிக்கும் மொழிபெயர்ப்பாளர், ஜோசப் ரோத்தை அவர் வழியாகத்தான் அறிந்தேன். ஆனால் இந்த இடத்தில் அவரோடு உடன்பட முடியவில்லை. நூலின் அட்டையில் அந்தப் பிராணியை, தொலைவிலிருந்துகூட, வரையக்கூடாது என்று 1915இல் பதிப்பகத்துக்குக் கடிதம் எழுதியவர் காஃப்கா. அட்டைக்காரர் அந்தக் கோரிக்கைக்கு இணங்கினார், மொழிபெயர்ப்பாளர்களால் இணங்க முடியவில்லை. (பூச்சியியல் அறிந்த நபக்கோவ் கார்னெல் பல்கலைக்கழக வகுப்புகளுக்காக அதை வண்டாகவே வரைந்தும் காட்டினார். அவரை யார் தடுப்பது!)

இதைவிட நுட்பமான இழப்பு ஒன்று உண்டு. பிறர் சொன்னதை எடுத்துச் சொல்வதற்கென்றே ஜெர்மனில் வினைச்சொல்லுக்குத் தனி வடிவம் இருக்கிறது. அதற்குச் சொல்பவர் பொறுப்பேற்பதில்லை. இலக்கண நூலில் இந்தப் பகுதி வந்தபோது எனக்குச் சிரமமே இருக்கவில்லை. 'வந்தான்' வேறு, 'வந்தானாம்' வேறு என்பது தமிழ்க் குழந்தைக்கும் தெரியும். ஆங்கில வினைச்சொல்லில் இதற்கு இடமில்லை. 'என்று அவர் சொன்னார்' என அடிக்கடி செருகவேண்டும், இல்லையெனில் கேள்விப்பட்டது நடந்ததாகிவிடும்.

'விசாரணை'யில் வழக்கறிஞர் ஹுல்ட் பக்கம் பக்கமாக நீதிமன்றத்தைப் பற்றி விளக்கும் இடத்தைப் பாருங்கள். மூலத்தில் அது நேர்ப்பேச்சாக இல்லாமல் அந்த வினைவடிவிலேயே நீண்டு செல்கிறது. மனு அநேகமாகத் தயாராகிவிட்டதாம், முதல் மனுவைப் பெரும்பாலும் அங்கே படிப்பதே இல்லையாம். இத்தனையும் வழக்கறிஞர் சொன்னது மட்டுமே, வேறு சாட்சி கிடையாது. ஆங்கிலத்தில் அதே பக்கங்கள் கதைசொல்லியே உறுதி கூறும் தகவல்களைப் போல ஒலிக்கத் தொடங்குகின்றன. யோசெஃப் கா. எதை நம்பி நாசமானான் என்ற கேள்வியே அங்கு மங்கிவிடுகிறது.

ஆந்தியா பெல்லுக்கு இவ்வகையில் அதிர்ஷ்டம் வாய்த்தது. ஸெபால்டின் 'ஆஸ்டர்லிட்ஸ்' 2001இல் வெளியானது. அதில் 'என்றாள் வேரா, என்றார் ஆஸ்டர்லிட்ஸ்' என்று சொன்னவர்களை ஸெபால்டே அடுக்கிக்கொண்டு போவதால் ஆங்கிலத்திலும் அந்தத் தொலைவு தங்கிவிட்டது. இங்கிலாந்திலேயே வாழ்ந்த ஸெபால்ட் அந்த மொழிபெயர்ப்பின் வரைவுகளைத் தானே பார்த்துத் திருத்தவும் செய்தார். 1924இல் இறந்துபோன காஃப்காவால் இது இயலாதல்லவா?

ஏ.வி. தனுஷ்கோடி 'விசாரணை'யை ஜெர்மனிலிருந்து நேரடியாகத் தமிழுக்குக் கொண்டுவந்தார், க்ரியா அதை வெளியிட்டது. அந்த உழைப்பின் பெறுமதி எனக்கு இப்போதுதான் சரியாக விளங்குகிறது. ஆங்கிலம் வழியாக வரும் ஜெர்மன் நூல்களில், தமிழில் இயல்பாக உட்கார்ந்திருக்கக்கூடிய அந்த 'ஆம்' லண்டனிலேயே உதிர்ந்துவிடுகிறது. அதற்காக ம்யூர் தம்பதியரின் பிரதியை நான் எடைக்குப் போட்டுவிடவில்லை. ஹுல்ட் பேசும் பக்கங்களின் ஓரத்தில் மட்டும், வேண்டிய இடங்களில், பென்சிலால் ஓர் 'ஆம்' எழுதிவைத்திருக்கிறேன்.