வாசித்தேன் என்று சொன்னேன்

என் அப்பா எனக்கு வைத்த பெயர் கால்டுவெல். எழுபதுகளின் கடைசியில், சென்னையில் வேலைக்குச் சேர்ந்த சில ஆண்டுகளில், அரசிதழில் விளம்பரம் கொடுத்து அந்தப் பெயரை நீக்கினேன். கேட்டவர்களிடம் அதற்கு வேறு காரணங்கள் சொன்னேன். மேடையிலும் அச்சிலும் அவற்றையே சொன்னேன். அவை பொய். உண்மையான காரணம் பயம்.

மாற்றிக்கொண்ட பெயரை இங்கே எழுதவில்லை. அது நல்ல தமிழ்ப் பெயர். என் கோழைத்தனத்தின் அழுக்கு அதன்மேல் படவேண்டாம்.

எங்களுக்குப் பூர்வீகம் சாயர்புரம். அப்பா தூத்துக்குடியில், கொழும்புக்குத் தோணி விட்ட ஒரு வியாபாரியிடம் கணக்கு எழுதினார். சாயர்புரம் என்ற பெயரிலேயே ஓர் ஆங்கிலக் குடும்பப் பெயர் இருக்கிறது. கிறிஸ்தவர்கள் குடியேற நிலம் வாங்கிக்கொடுத்த சாமுவேல் சாயர் என்ற வணிகரின் பெயர் அது. ரம்பம் பிடித்து மரம் அறுப்பவருக்கு ஆங்கிலத்தில் சாயர் என்று பெயர். எந்தக் காலத்திலோ, எந்தக் காட்டோரத்திலோ மரம் அறுத்துப் பிழைத்த ஒருவனின் தொழில், செம்மண் தேரியில் பனையேறிகளின் ஊருக்குப் பெயராக வந்து நிற்கிறது.

எங்கள் பக்கத்துச் சீர்திருத்தக் கிறிஸ்தவக் குடும்பங்களில் ஆண்பிள்ளைகளுக்கு ஆங்கிலேயரின் குடும்பப் பெயரை வைப்பது சகஜம். நெல்சன், வில்சன், ஜாக்சன், ஸ்டான்லி என்று தெருவுக்கு நாலு பேர் இருப்பார்கள். மிஷனரிகளை நினைத்து வைத்த பெயர்கள் தனி: போப், ரேக்லண்ட், சார்ஜென்ட், கால்டுவெல். வில்சன் என்றால் வில்லியமின் மகன். ஜாக்சன் என்றால் ஜாக்கின் மகன். சார்ஜென்ட் என்பதன் மூலப்பொருள் பணியாள். குடும்பப் பெயரைப் பிள்ளைக்கு இடுபெயராக வைக்கும் வழக்கம் இங்கிலாந்திலேயே உண்டு. 16ஆம் நூற்றாண்டில் மேட்டுக்குடிக் குடும்பங்களில் அது பரவியது. தாய்வீட்டின் பெயர் அற்றுப்போகக் கூடாது என்று மகனுக்கு அதை வைத்தார்கள். லேடி ஜேன் கிரேயின் கணவர் கில்ட்ஃபோர்ட் டட்லிக்கு அப்படி வந்ததுதான் முதற்பெயர். அவர் தாயார் கில்ட்ஃபோர்ட் குடும்பத்துப் பெண்.

நம் ஊரில் அது இன்னொரு விதமாக மாறியது. எங்கள் வீடுகளில் குடும்பப் பெயர் கிடையாது. அப்பா பெயரின் முதல் எழுத்துதான். அங்கே தலைமுறை தலைமுறையாக நீளும் பெயர், இங்கே ஒருவனுக்கு மட்டும் பெயராக இருந்து, அவன் பிள்ளைக்கு முன்னெழுத்தாகச் சுருங்கி, பேரனிடம் இல்லாமலே போகிறது. என் மகனுக்கு முன்னெழுத்து ‘கா’ என்று வந்திருக்க வேண்டும். வரவில்லை.

கால்டுவெல் என்பது இடப்பெயரிலிருந்து பிறந்த குடும்பப் பெயர். பழைய ஆங்கிலத்தில் ‘கால்ட்’ என்றால் குளிர்ந்த. ‘வெல்லா’ என்றால் ஊற்று அல்லது ஓடை. குளிர்ந்த ஊற்று இருந்த ஊர், அந்த ஊரிலிருந்து வந்த ஆள். இங்கிலாந்திலும் ஸ்காட்லாந்திலும் அந்தப் பெயரில் ஊர்கள் இருக்கின்றன. குடிதண்ணீருக்குத் தவித்த தூத்துக்குடியில் வளர்ந்தவன் நான். இந்தப் பொருளைத் தெரிந்துகொண்டபோது எனக்கு அறுபது வயது தாண்டிவிட்டது. அந்தப் பெயரைச் சுமந்த இருபத்துச் சொச்சம் வருடங்களில் ஒருநாள்கூட அதற்கு என்ன பொருள் என்று நான் கேட்டதில்லை. அதைத் தூக்கி எறிந்தபோதும் கேட்கவில்லை.

ராபர்ட் கால்டுவெல்லைப் பற்றித் தமிழ் வாசகர்களுக்கு அதிகம் சொல்லவேண்டியதில்லை. 1814-ல் அயர்லாந்தில், ஸ்காட்லாந்துக் குடும்பத்தில் பிறந்தவர். 1838-ல் சென்னைக்கு வந்தார். இடையன்குடியில் தங்கி ஊழியம் செய்தார். 1856-ல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை வெளியிட்டார். 1881-ல் திருநெல்வேலிச் சரித்திரம். கொற்கையில் மண்ணைத் தோண்டிப் பார்த்து எழுதினார். சாயர்புரத்தில் இருந்த கல்லூரியை 1883-ல் தூத்துக்குடிக்குக் கொண்டுவந்தார். அவர் பெயரில் ஒரு பள்ளி இன்றும் ஊரில் நடக்கிறது. 1891-ல் கொடைக்கானலில் இறந்தார். இடையன்குடியில், தான் கட்டிய கோயிலுக்குள் அடக்கமானார். அவரைப் பற்றி அப்பா சொன்னது நினைவிருக்கிறது. 1961-ல் நடந்ததுதான் எங்கள் கடலில் கடைசி முத்துக்குளிப்பு. சிப்பிக் குவியல்களின் வாடைக்கு நடுவே அப்பா என்னைத் தோளில் வைத்துக்கொண்டு, பழைய கிரேக்கர்கள் எழுதிய ‘கொல்கோய்’ நம்ம கொற்கைதான் என்று கால்டுவெல் ஐயர் சொல்லியிருக்காருய்யா, உன் பேருக்காரர், என்றார். என்னைத் தோளில் தூக்கியவருக்கு நான் செய்ததைத்தான் இப்போது சொல்ல வேண்டும்.

சென்னையில் என் பெயரைச் சொன்னதும் அடுத்த கேள்வி வரும். “திருநெல்வேலிப் பக்கமா?” ஆமாம் என்றால், “எந்த ஊர்? சர்ச்சா?” அதற்கும் ஆமாம் என்றால் கேட்டவர் மனதுக்குள் என் சாதியைக் கணக்குப் போட்டு முடித்திருப்பார். எல்லோரும் கெட்டவர்கள் இல்லை. சிலருக்கு அது வெறும் விசாரிப்பு. ஆனால் வாடகைக்கு வீடு தேடியபோது, பெயரைக் கேட்டபிறகு “சொல்லியனுப்புறோம்” என்ற வீடுகள் இருந்தன. அலுவலகத்தில் பதவி உயர்வுப் பேச்சு நடக்கும்போது என் பெயரை ஒருவர் இழுத்து இழுத்துச் சொல்லிக் காட்டினார். எதிர்த்துக் கேட்டிருக்கலாம். கேட்ட நண்பர்கள் இருந்தார்கள். நான் பெயரை மறைத்துவிடுவது சுலபம் என்று கண்டுகொண்டேன். ஊர், கோயில், பனை, அப்பா எல்லாமும் அந்தப் பெயரோடு மறைந்துவிடும் என்று தெரிந்துதான் செய்தேன்.

பயந்து மாற்றினேன் என்று யாரிடமும் சொல்ல முடியாது. தமிழுணர்வு என்று சொன்னேன். தமிழ்ப் பெயர் சூட்டிக்கொள்வது ஓர் இயக்கமாக இருந்த காலம் அது. மனப்பூர்வமாகச் செய்தவர்கள் ஏராளம். அவர்களோடு நானும் வரிசையில் நின்று கைதட்டல் வாங்கினேன். ஒரு கூட்டத்தில் எனக்குத் துண்டு போர்த்தினார்கள். கூட்டம் முடிந்து கடற்கரை வழியாக வந்தேன். 1968 உலகத் தமிழ் மாநாட்டின்போது வைத்த கால்டுவெல் சிலை அங்கே நிற்கிறது. தமிழுக்காக ஒரு கால்டுவெல்லுக்கு ஊர் சிலை வைத்திருக்க, தமிழுக்காக அதே பெயரை விட்டதாகச் சொல்லி நான் துண்டு வாங்கியிருந்தேன். யாராவது இதைக் கேட்டுவிடுவார்களோ என்ற பயம் அன்று பிடித்தது.

அந்தப் பயத்தில்தான் இரண்டாவது காரணத்தைத் தேடினேன். அலுவலக நண்பர் ஒருவர் டீக்கடையில் சொன்னார்: கால்டுவெல் 1849-ல் நாடார் சமூகத்தைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு சிறுநூல் எழுதினார், அதில் மிகவும் இழிவாகச் சொல்லியிருக்கிறார், அந்தக் காலத்திலேயே பெரிய எதிர்ப்பு வந்தது என்று. எனக்குப் புதையல் கிடைத்தது போல் இருந்தது. அன்றிரவே அப்பாவுக்குக் கடிதம் எழுதினேன். நம் முன்னோரை இழிவுபடுத்தியவனின் பெயரை நான் சுமக்க முடியாது, சுயமரியாதைக்காகத்தான் நீக்கினேன் என்று. அந்த நூலை நான் கண்ணால் பார்த்ததில்லை. பெயரை மாற்றி ஓராண்டுக்கு மேல் ஆகியிருந்தது.

அடுத்த முறை ஊருக்குப் போனபோது அப்பா கோபப்படவில்லை. சாப்பிட்டு முடித்து, கை கழுவிவிட்டு, திண்ணையில் உட்கார்ந்து கேட்டார்.

“அவரு எழுதுனத வாசிச்சிட்டு மாத்துனியாய்யா, வாசிக்காம மாத்துனியா?”

“வாசிச்சேன்” என்றேன்.

என் வாழ்க்கையில் நான் சொன்ன பொய்களில் இதுவே கேவலமானது. மற்றவர்களிடம் சொன்னது பெருமைக்காக. இதை என்னை நம்பியவரிடம், அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன்.

அப்பா கொஞ்ச நேரம் கழித்துச் சொன்னார். “எங்க தாத்தா காலத்துலயே அத வச்சுப் பெரிய சண்ட நடந்துருக்கு. மனு எழுதிப் போட்டிருக்காவ. அதக் கேட்டு வளந்தவன்தான் நானு. தெரிஞ்சுதான் உனக்கு அந்தப் பேர வச்சேன். அந்த மிஷன் பள்ளிக்கூடம் இல்லன்னா நான் இன்னைக்குக் கணக்கா எழுதிக்கிட்டிருப்பேன்? பனை ஏறிக்கிட்டிருப்பேன்.” பிறகு, “நீ படிச்சவன். வாசிச்சேன்னு சொல்லுத. சரி” என்றார். அதற்குப் பிறகு சாகும்வரை அவர் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. தம்பி என்றுதான் கூப்பிட்டார். பழைய பெயரைச் சொல்லி என்னைச் சங்கடப்படுத்தவும் இல்லை.

இதோடு நின்றிருந்தாலும் பரவாயில்லை. எண்பதுகளில் ஒரு சிற்றிதழில் பெயர்களைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினேன். என் ‘சுயமரியாதை’க் கதையை அதில் விரிவாகச் சொல்லி, போகிற போக்கில் எங்கள் கடற்கரைப் பரதவர்களையும் இழுத்தேன். பர்னாந்து, கொரைரா, மச்சாடோ, ரோச் என்ற போர்ச்சுக்கீசியப் பெயர்களெல்லாம் அடிமைத் தழும்புகள் என்று எழுதினேன். பனிமய மாதா கோயில் பக்கத்தில் வளர்ந்த என் பள்ளி நண்பன் அதை வாசித்துவிட்டு வீட்டுக்கு வந்தான். அவன் பெயரும் பர்னாந்து என்றுதான் முடியும்.

அவன் சண்டை போடவில்லை, பாடம் நடத்தினான். 1530-களில் முத்துச் சலாபத்தில் நெருக்கடி முற்றியபோது பரதவர் தலைவர்களான பட்டங்கட்டிகள் கொச்சிக்குப் போய்ப் போர்ச்சுக்கீசியரிடம் பாதுகாப்புக் கேட்டதையும், கடற்கரை ஊர்கள் கூட்டங்கூட்டமாக ஞானஸ்நானம் பெற்றதையும், பிரான்சிஸ் சவேரியார் 1542-ல் வருவதற்கு முன்பே அது நடந்துவிட்டதையும் சொன்னான். மச்சாடோ என்றால் கோடரி. கொரைரா என்பது தோல்வாரைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. பர்னாந்து போர்ச்சுக்கல்லில்கூடப் பிறந்த சொல் இல்லை. ஜெர்மானியக் குடிகள் ஐபீரியாவுக்குக் கொண்டுவந்தது, பயணத்தையும் துணிவையும் சேர்த்துச் சொல்லும் பெயர். “என் பாட்டனுக்குப் பாட்டனக் கோயில் பதிவேட்டுல தேடணும்னா இந்தப் பேரு வேணும்டே. வல்லநாட்டுல இருந்து ஊருக்குத் தண்ணி கொண்டுவந்தாரே குரூஸ் பர்னாந்து, அவரு அடிமையா?” என்றான். எனக்குப் பதில் இல்லை. மன்னிப்பும் கேட்கவில்லை. அடுத்த இதழில் மறுப்பு எழுதுகிறேன் என்று சொன்னேன். எழுதவில்லை. அந்தப் பொய்யைத் திருத்தினால் என் பொய்யும் சேர்ந்து வெளியே வரும்.

ஓய்வு பெற்றபிறகுதான் அந்த 1849 நூலைத் தேடி வாசித்தேன். கொடுமையான நூல். ஒரு சமூகத்தின் பிறப்பையும் அறிவையும் ஒழுக்கத்தையும் வெளியிலிருந்து வந்த ஒருவர் தராசில் வைத்து நிறுத்துப் பார்த்திருக்கிறார். வாசிக்க வாசிக்க எனக்கு உண்மையிலேயே கோபம் வந்தது. அதை எதிர்த்தவர்கள் நியாயமாகவே எதிர்த்தார்கள். மிஷனோடு முரண்பட்டு 1857-ல் நாசரேத் பக்கத்தில் பிரகாசபுரத்தில் தனிச் சபையே கண்ட சட்டாம்பிள்ளை போன்றவர்கள், பிழைப்பையும் பாதுகாப்பையும் பணயம் வைத்து அந்த எதிர்ப்பைச் செய்தார்கள். அதன்பின் ஒப்பிலக்கணத்தையும் முழுதாக வாசித்தேன். தமிழ் வேறொரு மொழியின் கிளை அல்ல என்று பக்கம் பக்கமாக நிறுவிய உழைப்பும் அதே கையிலிருந்து வந்ததுதான். இரண்டையும் தெரிந்த ஒருவர் அந்தப் பெயரை மகனுக்கு வைக்கலாம், வைக்காமலும் இருக்கலாம். அப்பா தெரிந்து வைத்தார். நான் தெரியாமல் எறிந்தேன். எறிந்தபிறகு, வேறொருவர் விலைகொடுத்துப் பெற்ற கோபத்தை எடுத்து என் பயத்தின்மேல் போர்த்திக்கொண்டேன்.

இப்போது ஏன் எழுதுகிறேன் என்றால், தென்மாவட்டங்களில் பெயர் மாற்றியவர்களைப் பற்றி ஆய்வு செய்யும் ஓர் இளைஞர் சென்ற மாதம் தொலைபேசியில் அழைத்தார். என் சிற்றிதழ்க் கட்டுரையை எங்கேயோ கண்டெடுத்திருக்கிறார். கால்டுவெல்லின் 1849 நூலுக்கு இருபதாம் நூற்றாண்டில் எழுந்த எதிர்ப்புக்குச் சான்றாக அதைக் காட்டலாமா என்று அனுமதி கேட்டார். என் பொய் வரலாற்றுக்குள் நுழையப் பார்க்கிறது. அவரிடம் உண்மையைச் சொல்லிவிட்டேன். அப்பாவிடம் சொல்ல வாய்ப்பில்லை. நண்பனிடம் நேரில் போய்ச் சொன்னேன். கேட்டுக்கொண்டான், ஒன்றும் சொல்லவில்லை. அவன் பேசாமல் இருந்தது நியாயம்.

பழைய பெயருக்குத் திரும்பப் போவதில்லை. அதை மறுபடி எடுத்துச் சூட்டிக்கொண்டு இன்னொரு கைதட்டல் வாங்கும் தகுதி எனக்கில்லை. பிள்ளைகளின் சான்றிதழ்களில் இருக்கும் முன்னெழுத்தும் அப்படியே இருக்கட்டும்.

அந்தக் கட்டுரையின் பிரதி தூத்துக்குடியிலும் நெல்லையிலும் சில வீடுகளில் இருக்கலாம், நூலகங்களின் பழைய கட்டுகளிலும் இருக்கலாம். கையில் கிடைத்தால், நான் பெயர் மாற்றிய காரணத்தைச் சொல்லும் பத்தியையும் பரதவர் பெயர்களைப் பற்றிய பத்தியையும் மேற்கோள் காட்டாதீர்கள். முதலாவது பொய், இரண்டாவது அவதூறு. ஓரத்தில் அப்படியே எழுதி வைத்துவிடுங்கள்.