நாலாவது தறி

வானொலிச் சித்திரம் ஒன்றுக்குத் தறிச் சத்தம் வேண்டியிருந்தது. கோவைப் பக்கம் சோமனூரில் எட்டு விசைத்தறி ஓடும் வீடு ஒன்றுக்குப் போனேன். ஒரு பக்கம் வீடு, மறுபக்கம் தறிக்குடோன். இரண்டுக்கும் ஒரே சுவர். உள்ளே பேச்சுக்கு வேலையே இல்லை. ஊடைநூல் சுற்றிய தார் தீர்ந்தால் ஒரு சைகை, டீ வந்தால் இன்னொன்று.

சாயங்காலம் சமையற்கட்டில் வீட்டுக்கார அக்கா எனக்குத் தோசை ஊற்றிக்கொண்டிருந்தார். திடீரென்று கரண்டியை வைத்துவிட்டுத் தலையைச் சாய்த்தார். "நாலாவது தறி இழுக்குதுங்க" என்றவர், அடுப்பைக்கூட அணைக்காமல் ஓடினார். என் காதுக்கு எட்டுத் தறியும் ஒரே இரைச்சல்தான். பின்னாலேயே போய்ப் பார்த்தேன். நாடாவை அடித்துத் தள்ளும் கட்டையில் தோல்வார் தளர்ந்திருந்தது. அதை இறுக்கினார். அறுந்து கிடந்த இரண்டு பாவு இழைகளை விரல் நுனியில் முறுக்கி முடிந்து, விழுதிலும் அச்சிலும் கோத்து, தறியை ஓட்டிவிட்டுத் திரும்பினார். தோசை கருகிப் போயிருந்தது.

"எப்படிக்கா தெரிஞ்சுது?"

"கல்யாணமாகி வந்த நாள்லருந்து இந்தச் சத்தத்துலதானுங்க தூங்கறோம்."

அதைக் கேட்டதும் எனக்குச் சிங்காநல்லூர் சென்ட்ரல் ஸ்டுடியோ ஞாபகம் வந்தது. பஞ்சாலைப் பணம் புழங்கிய கோவையில் 1930களின் நடுவில் எழுந்த படப்பிடிப்புத் தளம் அது. பாகவதர் நடித்த 'ஹரிதாஸ்' (1944) அங்கேதான் உருவானது; எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனான 'ராஜகுமாரி' (1947) படமும் அங்கேதான். நடிகர், பாட்டெழுதுகிறவர், வாத்தியக்காரர் எனப் பலரும் மாதச் சம்பளத்துக்குக் கோவையிலேயே குடியிருந்த காலம். இசையமைப்பாளர் எஸ்.எம்.சுப்பையா நாயுடுவிடம் எடுபிடிப் பையனாக இருந்த எம்.எஸ்.விஸ்வநாதன், அங்கே இருந்தபடியே மெட்டும் போட ஆரம்பித்தார். வகுப்பில் உட்கார்ந்தால் மட்டும் வருகிற காது இல்லை அது.

அதே காலத்தில் படத் தயாரிப்பாளர் ஏவி.மெய்யப்பன் காரைக்குடி பக்கம் தேவகோட்டை ரஸ்தாவில் கொட்டகைகள் போட்டு, ஆட்களையும் அங்கேயே தங்கவைத்து 'நாம் இருவர்' (1947) எடுத்தார். வேல்ஸ் நாட்டில் வார்டு சகோதரர்கள் தங்கள் பால்பண்ணை வீட்டையே 1960களில் ராக்ஃபீல்டு ஒலிப்பதிவுக்கூடமாக மாற்றினார்கள். பாடவந்தவர்கள் அங்கேயே உண்டு உறங்கினார்கள். குயின் இசைக்குழு 1975இல் 'பொஹீமியன் ராப்சொடி'யைத் தொடங்கியது அங்கேதான். நிசப்தம் தேடித்தான் கிராமத்துக்குப் போனார்கள் என்பார்கள். எனக்கென்னவோ, சோறும் தூக்கமும் வேலையும் ஒரே கூரைக்குள் இருந்ததுதான் பெரிய சங்கதி என்று படுகிறது.

சோமனூர் வீட்டுக் கூரையில் அந்த வசதியோடு வேறொன்றும் ஒட்டிக்கொண்டு வருகிறது. பாவும் நூலும் ஜவுளி உற்பத்தியாளருடையவை. தறிக்காரருக்குக் கூலி மட்டும். 2021 நவம்பரில் சோமனூர் ரகத்துக்கு 23 சதவீதமும் மற்ற ரகங்களுக்கு 20 சதவீதமும் கூலி உயர்வு அறிவித்தார்கள். அறிவித்தது கைக்கு வராமல் 2022 ஜனவரியில் தறிக்காரர்கள் தறிகளை நிறுத்திப் போராடினார்கள். 2023இல் விசைத்தறிகளுக்கான இலவச மின்சாரம் இரண்டு மாதத்துக்கு 1000 யூனிட் ஆனது. "தறி நின்னா வீடு வெறிச்சுன்னு இருக்குமுங்க. தூக்கமே வராது," என்றார் அக்கா. அந்தப் போராட்ட நாட்களைச் சொன்னார் என்று நினைத்துக்கொண்டேன்.

கிளம்பும் முன் அன்று காலையில் பதிந்ததைக் காதுமாட்டியில் போட்டுக் காட்டினேன். கண்ணை மூடிக் கேட்டார். பிறகு காதுமாட்டியைக் கழற்றித் தந்தார்.

"இதுல ஏழுதானுங்க ஓடுது. ஒண்ணுல பாவு பிணைச்சுட்டிருந்தாங்களே, அப்ப எடுத்ததுங்களா?"

கருவியைத் தூக்கிக்கொண்டு மறுபடியும் குடோனுக்குள் போனேன்.