சூரியனைக் கட்டிய மகன்



மலாய் மொழியில் வானத்தை 'லாங்கிட்' என்கிறோம். கண்ணை 'மாத்தா' என்கிறோம். நெருப்பை 'ஆப்பி' என்கிறோம். பசிபிக் மாகடலின் நடுவே உள்ள ஹவாய்த் தீவுகளில் வானம் 'லானி', கண் 'மாகா', நெருப்பு 'அஹி'. இங்கே ஐந்து 'லீமா', அங்கும் 'லீமா'தான்! படகேறித் தீவு தீவாகப் பரவிய ஒரே மொழிக் குடும்பம் அது. நம் அண்டை வீட்டாருக்குத் தூரத்து உறவான அந்த நாட்டுக்கு மனத்தால் ஒரு பயணம் போய்வருவோம், வாருங்கள்.

முதலில் இறங்குவது ஹவாய்ப் பெருந்தீவு. கடலை நோக்கிய குன்றின்மேல் கோட்டை போல ஒரு கல்மேடை நிற்கிறது. நீளம் சுமார் 224 அடி, அகலம் 100 அடி. சுண்ணாம்பு பூசாமல் எரிமலைக் கற்களை அடுக்கியே கட்டியது. பெயர் புவுகொஹொலா.

'கூ' என்னும் போர்த்தெய்வத்துக்கு இங்கே கோயில் எழுப்பினால் எல்லாத் தீவுகளும் உன் கைக்கு வரும் என்று கமேஹமேஹா என்ற தலைவனுக்குப் பூசாரி ஒருவர் குறி சொன்னார். 1790-இல் வேலை தொடங்கி மறு ஆண்டு முடிந்தது. இருபது மைலுக்கு அப்பாலிருந்து ஆட்கள் வரிசையாக நின்று கைமாற்றிக் கைமாற்றியே கற்களைக் கொண்டுவந்தார்கள் என்பது வழிவழிச் செய்தி. விழாவுக்கு அழைக்கப்பட்ட பங்காளி கியோவா கரையிலேயே கொல்லப்பட்டான். அவன் உடல் கூவுக்குப் பலியாயிற்று. 1810-இல் தீவுகள் அனைத்தும் ஒரு குடைக்கீழ் வந்தன.

1819-இல் அந்த மன்னன் மறைந்தான். ஆணும் பெண்ணும் சேர்ந்து உண்ணலாகாது, பெண்கள் வாழைப்பழம் தின்னலாகாது என்பதெல்லாம் அங்கே பழைய விதி. அதே ஆண்டில் அவன் மகன் லிஹோலிஹோ பெண்களோடு பந்தியில் அமர்ந்து உண்டான். அந்த ஒரு சாப்பாட்டோடு பழைய விதிகள் சாய்ந்தன. கோயில்களை அழிக்க ஆணை பிறந்தது. கூவின் பெரிய கோயிற்சிலைகளில் மூன்றே எஞ்சின. ஒன்று ஹொனலூலுவில் இருக்கிறது. மற்றவை இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் அருங்காட்சியகங்களில் இருக்கின்றன.

இனி அடுத்த தீவுக்குப் போவோம். அதன் பெயரே மௌயி. அங்கே 10,023 அடி உயர மலை ஒன்று உண்டு. அதன் பெயர் ஹலேயகலா. 'சூரியனின் வீடு' என்று பொருள். அடிவாரத்தில் நூறாண்டுக்கு மேல் கரும்புத் தோட்டங்கள் இருந்தன. கடைசி ஆலை 2016-இல் மூடப்பட்டது.

மௌயி என்பவன் ஒரு குறும்புக்கார வீரன். அவன் தாய் ஹினா மரப்பட்டையை அடித்து மரவுரி செய்பவள். சூரியன் ஓட்டமாய் ஓடியதால் அவள் விரித்த மரவுரி காயவில்லை. மகன் கயிறு திரித்தான், மலையேறிப் பதுங்கினான், சூரியனின் கால்களைச் சுருக்குப் போட்டுப் பிடித்தான். "மெதுவாகப் போகிறேன்" என்று சூரியன் வாக்குக் கொடுத்த பிறகே விட்டான். நெருப்பை ஒளித்து வைத்த பறவைகளிடமிருந்து அந்த இரகசியத்தைப் பறித்தவனும் அவனே. நியூசிலாந்தின் வட தீவை 'மௌயியின் மீன்' என்றே அங்குள்ள மவோரி மக்கள் அழைக்கின்றனர். அவன் தூண்டில் போட்டு இழுத்த நிலமாம்!

இக்கதையை நான் வகுப்பில் சொன்னபோது ஒரு சிறுமி எழுந்து, "ஐயா, அவங்க அம்மாவுக்கும் மழைக்காலத்துல துணி காயலையா?" என்று கேட்டாள். கதையின் உயிரை அவள் பிடித்துவிட்டாள். கூ மன்னனின் தெய்வம், வேண்டியது நாடு. மௌயி வீட்டுப் பிள்ளை. வேண்டியது அம்மாவின் வேலை முடிவது.

கூவின் கோயிலை ஓர் ஆணை அழித்தது. மௌயியின் கதைக்கு வேறு வகையில் ஆபத்து வந்தது. 1896-இல் ஹவாய்ப் பள்ளிகளில் ஆங்கிலமே பயிற்றுமொழி என்று சட்டமாயிற்று. தாய்மொழி பேசிய பிள்ளைகள் பள்ளியில் தண்டிக்கப்பட்டனர். பேரப்பிள்ளைகளுக்குப் பாட்டியின் பேச்சு புரியாத காலமும் வந்தது. 1984-இல் ஹவாய் மொழியிலேயே பேசும் பாலர் பள்ளி ஒன்று திறக்கப்பட்டது. அன்று முதல் அந்த மொழி மெல்லத் தலை நிமிர்கிறது.

தாய்மார்களே, இன்றிரவு விளக்கை அணைக்குமுன் பிள்ளைகளுக்கு ஒரு கதை சொல்லுங்கள். மௌயி கதையானாலும் சரி, உங்கள் பாட்டி சொன்ன கதையானாலும் சரி. அதைத் தமிழில் சொல்லுங்கள்.