சூரியனே லீவு போடும் ஊர்!

அட்லஸில் கனடா பக்கத்தைத் திறங்க. விரலை மேலே, இன்னும் மேலே கொண்டு போங்க. எல்ஸ்மியர்னு ஒரு தீவு தெரியுதா? அதன் தென்கரையில் இருக்கிற குட்டி ஊர்தான் கிரீஸ் ஃபியோர்டு. 2021 கணக்கெடுப்பில் ஜனத்தொகை வெறும் 144. நவம்பரில் மறையும் சூரியன் பிப்ரவரியில்தான் மறுபடி தலைகாட்டும். இனுயிட் மொழியில் இந்த ஊர் பேருக்கு 'உருகவே உருகாத இடம்'னு அர்த்தம்.

இங்கே யார் ஆசைப்பட்டுக் குடியேறுவாங்க? யாரும் இல்லை. கொண்டுவந்து விட்டாங்க!

1953-ல் ஹட்சன் விரிகுடா ஓரத்து இனுக்ஜுவாக்கிலிருந்து இனுயிட் குடும்பங்களைக் கனடா அரசு கப்பலில் ஏற்றியது. "இங்கே வேட்டை குறைஞ்சிடுச்சு, அங்கே நிறைய கிடைக்கும். பிடிக்கலைன்னா ரெண்டு வருஷத்துல திரும்பிடலாம்" என்று வாக்குறுதி. ஆளில்லாத வடக்குத் தீவுகளில் தன் உரிமையைக் காட்டிக்கொள்வதும் அரசின் நோக்கம் என்பதை 1994-ல் ஒரு ராயல் கமிஷன் போட்டு உடைத்தது.

ஒரே ஊருக்குத்தான் போறோம்னு நம்பி ஏறினவங்களுக்கு, நடுவழியில்தான் விஷயம் தெரிந்தது. சிலர் கிரீஸ் ஃபியோர்டில் இறங்கணும், சிலர் ரெஸல்யூட்டில்! சொந்தபந்தம் ரெண்டாகப் பிரிந்தது. பிறந்த ஊரிலிருந்து சுமார் 2,000 கி.மீ. வடக்கே, மாதக்கணக்கில் இருட்டு. முதல் குளிர்காலத்தைக் கூடாரத்தில்தான் கழித்தார்கள். ஊரில் பழகிய சாப்பாடும் இல்லை, வேட்டையையும் புதுசாகக் கத்துக்கணும்.

அந்த 'ரெண்டு வருஷம்' என்ன ஆச்சு? 1989-ல்தான் பலர் அரசு செலவில் ஊர் திரும்பினார்கள். முப்பத்தாறு வருஷம் கழிச்சு! அப்பவும் பிரிவுதான். வடக்கிலேயே பிறந்து வளர்ந்த பிள்ளைகளில் பலர் அங்கேயே தங்கிவிட்டார்கள்.

2010 ஆகஸ்ட் 18-ல் கனடா அரசு மன்னிப்புக் கேட்டது. அதே வருஷம் இரண்டு ஊரிலும் சிலை வைத்தார்கள். கிரீஸ் ஃபியோர்டில் ஒரு பெண், பக்கத்தில் மகன், ஒரு நாய். அவள் ரெஸல்யூட் இருக்கும் திசையைப் பார்க்கிறாள். ரெஸல்யூட்டில் ஒரு ஆண், தனியாக. அவன் பார்ப்பது கிரீஸ் ஃபியோர்டை. அந்த ஆண் சிலையைச் செதுக்கிய சிமியோனி அமாகோலிக், இப்படி இடம் மாற்றப்பட்டவர்களில் ஒருவர்.

இரண்டு சிலைக்கும் நடுவே சுமார் 380 கி.மீ. பனியும் கடலும். அந்தப் பக்கம் போறவங்க பனிக்கரடியைத் தேடி கேமராவைத் தூக்குவாங்க. நீங்க என்னிக்காவது போனா, அந்தப் பெண் பார்க்கிற திசையில் ஒரு நிமிஷம் பாருங்க. கண்ணுக்கு எதுவும் தெரியாது. ஆனா, அங்கே ஒருத்தன் உங்க பக்கம் பார்த்துக்கிட்டே நிற்கிறான்!